துண்டு போட்ட இடம்

ஹட்டர்ஸ்விக் கடலை உட்கார்ந்துதான் பார்க்க முடியும். நிற்பவர்களுக்கு அந்த இடத்தில் ஒரு கார் நிறுத்துமிடம் தெரியும். சுமாரான கார் நிறுத்துமிடம்தான். அதையும் படம் எடுத்துக்கொண்டு போகிறவர்கள் உண்டு.

உட்காருவதும் நினைத்த இடத்தில் உட்காருவது இல்லை. கடலோரமாக முப்பத்தொரு பெஞ்சுகள் போட்டிருக்கிறார்கள். ஒவ்வொரு பெஞ்சின் முதுகிலும் ஒரு பித்தளைத் தகடு, தகட்டில் பெயர். பெயருக்கு உரியவர்கள் எல்லோரும் காலமாகிவிட்டவர்கள். ஆனாலும் இடம் அவர்களுடையதுதான். செத்துப்போய்விட்டார் என்பதற்காக ஒருவருடைய இடத்தைப் பிடுங்கிக்கொள்வது அந்தப் பக்கத்தில் வழக்கமில்லை. அவர்களுடைய சொந்தக்காரர்கள் மேற்கே மூர் என்று சொல்லப்படும் மரமில்லாத மேட்டு நிலத்து ஊர்களில் இருக்கிறார்கள். அவர்களிடம் போய், கொடுத்த தேநீரைக் குடித்து, நாலு வார்த்தை கேட்டு, ஒரு சீட்டு எழுதி வாங்கி வந்தால் பெஞ்சுக்காரர் ஒரு மணி நேரம் எழுந்து இடம் விடுவார். லீட்ஸ் நகரத்திலிருந்து சனிக்கிழமைதோறும் ஒரு சுற்றுலாப் பேருந்து இதற்கென்றே போகிறது. காலை எட்டரைக்குக் கிளம்பும். மூன்று ஊர்களில் நின்று சீட்டு வாங்கும். மூன்று மணிக்குக் கடல். நாலு பத்துக்குத் திரும்பிவிடும்.

மாதையனுக்கு இதையெல்லாம் ஒருமுறை சொன்னதே போதுமாக இருந்தது. அவர் அரூரிலிருந்து திருவண்ணாமலைக்கு ஓடிய பேருந்தில் முப்பத்து மூன்று வருடம் கண்டக்டராக இருந்தவர். இடம் என்றால் என்ன, அதற்கு உரியவர் யார் என்பதில் அவருக்கு யாரும் பாடம் எடுக்க வேண்டியதில்லை. பேருந்தில் கண்டக்டருக்கும் ஓர் இருக்கை உண்டு. அதில் எப்போதும் யாராவது கைக்குழந்தைக்காரி உட்கார்ந்திருப்பாள். ஆகவே முப்பத்து மூன்று வருடமும் அவர் நின்றபடியேதான் போய் வந்தார். வீட்டுக்கு வந்த பிறகும் பாதி நேரம் நின்றுகொண்டுதான் பேசுவார்.

அறுபத்து நாலு வயதாகியும் மாதையன் கடலைப் பார்த்ததில்லை. அவர் மனைவி பூங்காவனமும் பார்த்ததில்லை. கல்யாணமான மூன்றாம் நாள் இருவரும் ஒரு பேச்சு பேசிக்கொண்டார்கள். கடலைப் பார்த்தால் சேர்ந்துதான் பார்ப்பது, ஒருத்தரை விட்டுவிட்டு ஒருத்தர் பார்ப்பதில்லை. புதுசாகக் கல்யாணமானவர்கள் இப்படி எதையாவது பேசிக்கொள்வதுதான். ஊரில் மற்றவர்களெல்லாம் பேசினார்கள், மறந்தார்கள். இவர்கள் மறக்கவில்லை, வந்த வினை அவ்வளவுதான்.

அவருக்கு லீவு கிடைத்த மாதம் அவளுக்கு அறுப்பு வேலை இருந்தது. அவள் ஓய்ந்திருந்த மாதம் அவருக்குக் கிரிவலச் சிறப்புப் பேருந்து. ஒருமுறை புதுச்சேரிக்கு அவரை ட்யூட்டி போட்டார்கள். வண்டியிலிருந்த கூட்டம் முழுக்க இறங்கிக் கடலுக்கு ஓடியது. மாதையன் எல்லா ஷட்டரையும் இறக்கிவிட்டு, கடலுக்கு முதுகைக் காட்டி, இரண்டு மணி நேரம் வண்டிக்குள்ளேயே வெந்துகொண்டிருந்தார். பூங்காவனமும் சளைத்தவள் இல்லை. மகளிர் குழுவோடு வேளாங்கண்ணிக்குப் போனவள், எல்லோரும் அலையில் கால் நனைத்த நேரத்தில் சத்திரத்தில் உட்கார்ந்து நாற்பது பேருக்கு வெங்காயம் உரித்தாள். டி.வி.யில் கடல் வந்தால் இரண்டு பேரும் எழுந்து அடுப்படிக்குப் போய்விடுவார்கள். அதனால் சினிமாவில் காதலர்கள் எப்படிச் சேர்ந்தார்கள் என்பது பல படங்களில் இன்றுவரை அவர்களுக்குத் தெரியாது.

மகள் தேன்மொழி நர்ஸ் படித்து லீட்ஸில் வேலைக்குப் போனாள். அப்பாவையும் அம்மாவையும் ஆறு மாதம் வந்து இருக்கச் சொன்னாள். மாதையனுக்கு விசா வந்தது, பூங்காவனத்துக்கு வரவில்லை. ஏன் என்று கேட்டதற்கு வந்த கடிதத்தில், வரவில்லை என்பதையே இன்னும் நீளமாக எழுதியிருந்தார்கள்.

"அப்ப நானும் போகலை," என்றார் மாதையன்.

"புள்ள கூப்புடுதுங்க. நீங்க போங்க," என்றாள் பூங்காவனம். பெட்டியைத் திறந்து, தலை துவட்டுகிற தன் ஈரிழைத் துண்டை மடித்து மேலே வைத்தாள். வெள்ளைத் துண்டு, சிவப்புக் கரை. "அங்க கடலுக்குப் போனா எனக்கு இதைப் போட்டு வையுங்க. துண்டு போட்டா ஆள் வந்த மாதிரிதான? ஊருக்கெல்லாம் நீங்கதான சொல்லுவீங்க."

அது உண்மை. ஜன்னல் வழியாக எறிந்த துண்டு ஓர் இருக்கையில் விழுந்துவிட்டால் அந்த இருக்கையில் ஆள் வந்தாகிவிட்டது என்று மாதையன் முப்பத்து மூன்று வருடம் தீர்ப்புச் சொல்லியிருக்கிறார். ஒருமுறை துண்டை எடுத்து ஓரமாகப் போட்டுவிட்டு உட்கார்ந்த ஒரு சப்-இன்ஸ்பெக்டரை எழுப்பி, தீர்த்தமலை கைகாட்டி வரை நிற்க வைத்திருக்கிறார். தனக்கென்று வரும்போது சட்டத்தை மாற்ற முடியாது. துண்டோடு கிளம்பினார்.

லீட்ஸில் அவருக்கு ஒரு குறையும் இல்லை, பூங்காவனம் இல்லை என்பதைத் தவிர. சாப்பாடு இறங்கவில்லை. ராத்திரி துண்டைத் தலையணையின் மேல் விரித்துப் படுப்பார். சீயக்காய் வாசனை நாளுக்கு நாள் குறைந்துகொண்டு வந்தது. மூன்றாம் மாதம் அது அநேகமாகப் போய்விட்டது. அன்று காலையில்தான் மகளிடம், "கடலுக்கு ஒரு டிக்கெட் போடு" என்றார்.

சனிக்கிழமை காலை, பேருந்து நிலையத்தில் பத்தொன்பது பேர் வரிசையில் நின்றார்கள். வரிசை என்றால் அப்படி ஒரு வரிசை, நூல் பிடித்த மாதிரி. மாதையன் கடைசி ஆள். பேருந்தின் பக்கக் கண்ணாடி மேலே ஒரு சாண் திறந்திருந்தது. அதைப் பார்த்ததும் அவர் கை தானாகப் போயிற்று. துண்டைச் சுருட்டி எறிந்தார். அது கண்ணாடி இடுக்கில் நுழைந்து, நாலாவது வரிசை ஜன்னலோரத்தில் போய் விழுந்தது. பழகிய கை.

வழிகாட்டிப் பெண் பிரெண்டா பச்சை மழைச்சட்டை போட்டிருந்தாள். படியேறி உள்ளே போய்த் துண்டைப் பார்த்தாள். இறங்கி வந்து நோட்டைத் திறந்தாள்.

"பெயர்?"

"பூங்காவனம். என் வீட்டம்மா."

பிரெண்டா எழுத்துக் கூட்டி எழுதிக்கொண்டாள். "கடலில் எனக்குப் பத்தொன்பது இடத்துக்குத்தான் சொல்லிவைத்திருக்கிறது. இருபதாவது இடத்தை வழியில்தான் பார்க்க வேண்டும். கிடைக்கலாம், கிடைக்காமலும் போகலாம். கிடைக்காவிட்டால் உங்களில் ஒருவர் நிற்க வேண்டியிருக்கும்."

"பாத்துக்கலாம்," என்றார் மாதையன். அவருடைய இங்கிலீஷ் கண்டக்டர் இங்கிலீஷ். சின்னதுதான், ஆனால் எல்லாருக்கும் புரிந்துவிடும்.

தேன்மொழி கீழே நின்று, "அப்பா, அம்மாவுக்கு பெல்ட் போட்டு விடுங்க" என்றாள். மாதையன் துண்டுக்குப் பெல்ட் மாட்டிவிட்டுப் பக்கத்தில் உட்கார்ந்தார். வண்டி கிளம்பியது.

முதல் ஊர் தார்ல்பி. பத்துப் பதினைந்து கல்வீடுகள், ஒரு தேவாலயம், ஒரு வாத்துக் குட்டை. ஊர்க்காரர்கள் மேசைகளை வெளியே போட்டு, தங்கள் வீட்டு இறந்தவர்களின் பெயரை அட்டையில் எழுதி வைத்துக் காத்திருந்தார்கள். சீட்டோடு மூன்று செய்தி சொல்வார்கள். பெஞ்சுக்காரர் எழுந்திருப்பதற்கு முன் அந்த மூன்றையும் கேட்பார், தெரியாதவனுக்கு இடம் விட மாட்டார். பிராட்ஃபோர்டிலிருந்து வந்த ஒரு பெரியவர் தனக்குக் கிடைத்த மூன்றையும் உள்ளங்கையில் எழுதிக்கொண்டார்.

மாதையனுக்கு டெரிக் என்ற மரத் தச்சர் சீட்டு எழுதினார். "என் சித்தப்பா வில்ஃப்ரெட். பதினாலாம் பெஞ்சு, இடது பாதி. நாற்பது வருடம் இந்த மேட்டில் பேருந்து ஓட்டினார். கியர் மாற்றும்போது முனகுவார். வாத்துக்குப் பயப்படுவார். வலது பாக்கெட்டில் எப்போதும் புதினா மிட்டாய் இருக்கும். இந்த மூன்றுதான்."

பேருந்து ஓட்டியவர் என்றதும் மாதையனுக்கு மனசு இளகிவிட்டது. எத்தனை டிரைவர்களோடு எத்தனை வருடம். "அவரோட வலது பாதி யாருது?" என்று கேட்டார்.

"எட்னா சித்தியுடையது. அவருடைய மனைவி. அந்தச் சீட்டை அவள் தங்கை மாட்தான் எழுத வேண்டும். கிரிம்டேலில் இருக்கிறாள். உங்களுக்கு மூன்றாவது நிறுத்தம்."

இடது பாதி தனக்கு, வலது பாதி பூங்காவனத்துக்கு. ஒரே பெஞ்சு, புருஷன் பெஞ்சாதி பெஞ்சு. மாதையன் சீட்டைச் சட்டைப் பையில் வைத்துப் பட்டனும் போட்டுக்கொண்டார். முப்பத்தெட்டு வருடக் காத்திருப்புக்கு இதைவிடப் பொருத்தமான இடம் அமையாது என்று அவருக்குத் தோன்றியது. வண்டியேறித் துண்டிடம் அதைச் சொல்லவும் செய்தார்.

அதன் பிறகு மேட்டு நிலம். மரமே இல்லை. கண்ணுக்கெட்டிய வரை முழங்கால் உயரப் புதர், புதர் முழுக்க ஊதாப் பூ. செம்மறி ஆடுகள் எல்லாம் மேற்கே பார்த்து மேய்ந்துகொண்டிருந்தன. அவை கடலைப் பார்த்துச் சலித்தவை என்று பிரெண்டா மைக்கில் சொன்னாள்.

இரண்டாவது ஊர் ஓல்ட்பெக்கில் சாப்பாடு. தேநீர்க் கடையில் துண்டுக்கும் ஒரு நாற்காலி போட்டார்கள், ஒரு தட்டும் வைத்தார்கள். தட்டில் நடுவே பிளந்து ஜாமும் கெட்டிக் கிரீமும் தடவிய ஒரு ரொட்டி. மாதையன் மகள் கட்டிக்கொடுத்த புளிசாதத்தைச் சாப்பிட்டார். தலை நிமிர்ந்தபோது துண்டின் தட்டு காலியாக இருந்தது. கடைக்காரம்மா இன்னொன்று வேண்டுமா என்று துண்டைப் பார்த்துக் கேட்டாள்.

மாதையன் அரூருக்குப் போன் போட்டார். அங்கே சாயங்காலம் ஆகியிருந்தது.

"சாப்ட்டியா?"

"இப்பத்தாங்க. என்னமோ பன்னு மாதிரி. இனிப்பு சரிதான், உள்ள மாவு மாவா இருந்துச்சு. இவங்களுக்குப் பக்குவம் தெரியலை. வயிறு நெறைஞ்சிருச்சு, ராத்திரிக்கு ஒலை வைக்க வேண்டியதில்லை."

"குளுருதா?"

"கொஞ்சம். என்னை ஜன்னல்ல இருந்து தள்ளி ஒக்கார வச்சிராதீங்க, நல்லாத்தான் இருக்குது."

மாதையன் துண்டை இன்னொரு மடிப்பு மடித்துத் தன் மப்ளரைச் சுற்றிவிட்டார்.

கிரிம்டேலில் மாட் வீட்டு வாசலிலேயே உட்கார்ந்து பட்டாணி உரித்துக்கொண்டிருந்தாள். தொண்ணூறு வயதிருக்கும். அவள் முன்னால் பெயர் அட்டையும் இல்லை, சீட்டு எழுதும் தாளும் இல்லை. மாதையன் துண்டை இரண்டு கையிலும் ஏந்திக்கொண்டு போய் விஷயத்தைச் சொன்னார். அவள் துண்டைப் பார்த்தாள், அதன் கரையைத் தொட்டுப் பார்த்தாள்.

"நல்ல துணி," என்றாள். "ஆனால் தர முடியாது."

"ஏம்மா?"

"எட்னா இன்னும் அதில் உட்காரவில்லை. உரியவர் ஒருமுறையாவது உட்காராத இடத்தை இரவல் தர முடியாது. உனக்கே தெரிந்திருக்கும்."

மாதையனுக்குத் தெரியும். சீட்டு எழுதுவது அவராக இருந்தாலும் அதைத்தான் சொல்லியிருப்பார்.

"அந்தம்மா ஏன் இன்னும் ஒக்காரலை?"

மாட் ஒரு பட்டாணிக் காயைப் பிளந்தாள். "கல்யாணமான புதிதில் வில்ஃப்ரெட் அவளைக் கடலுக்குக் கூட்டிப் போவதாகச் சொன்னான். அதற்கு முன்னால் அவனுக்கு அந்தப் பக்கம் வேலை போட்டார்கள். வண்டியை நிறுத்தினான், இறங்கினான், உட்கார்ந்து பார்த்துவிட்டான். ராத்திரி சாப்பாட்டு நேரத்தில் அவளிடம் கடல் எப்படி இருந்தது என்று ஒன்றுவிடாமல் சொன்னான். அவள் கேட்டுக்கொண்டே இருந்தாள். அப்புறம் அவன் எத்தனை முறை கூப்பிட்டும் போகவில்லை. இரண்டு பேரும் போய்ச் சேர்ந்தாகிவிட்டது, பெஞ்சும் போட்டாகிவிட்டது. அவன் இடது பக்கம் உட்கார்ந்திருக்கிறான். அவள் பெஞ்சுக்குப் பின்னால் நிற்கிறாள். கார்களைப் பார்த்துக்கொண்டிருக்கிறாள்."

மாட் உரித்த பட்டாணியில் ஒரு பிடி அள்ளித் துண்டின் முனையில் வைத்து முடிச்சுப் போட்டுக் கொடுத்தாள்.

மிச்ச வழியெல்லாம் மாதையன் யோசித்தார். யோசிக்க அதில் ஒன்றும் இல்லை என்பதுதான் கஷ்டம். இடம் ஒன்று, ஆள் இரண்டு. தான் உட்கார்ந்தால் வில்ஃப்ரெட் செய்ததையே தானும் செய்ததாகும். பூங்காவனம் கோபித்துக்கொள்ள மாட்டாள். "பாத்தீங்களா? நல்லாருந்துச்சா?" என்று கேட்பாள். அந்த ஒரு கேள்வியைக் காதில் வாங்க அவருக்குத் தெம்பில்லை. ஷட்டரை இறக்கிவிட்டு உட்கார்ந்த அந்தப் புதுச்சேரி வெயில் அவர் முதுகில் இன்னும் இருந்தது. ஹட்டர்ஸ்விக் வந்து சேர்வதற்குள் அவர் முடிவுசெய்துவிட்டார். வந்ததில் பாதிப் பேராவது பார்த்தாகட்டும்.

பதினாலாம் பெஞ்சு வரிசையின் நடுவாக்கில் இருந்தது. மாதையன் அதன் முன்னால் போய் நின்று சீட்டைக் காட்டினார். காற்றுதான் கேட்டது. அவர் சொன்னார்: "கியர் மாத்தும்போது மொணகுவீங்க. வாத்துன்னா பயம். வலது பாக்கெட்ல புதினா மிட்டாய்." பெஞ்சின் இடது பாதியில் பலகை லேசாக முறுக்கு விட்டு நிமிர்ந்தது. புதினா வாசனை ஒன்று எழுந்து, அவரைத் தாண்டி, அங்கிருந்த ஒரு தேநீர்க் கடைப் பக்கமாகப் போயிற்று.

மாதையன் துண்டை விரித்து அந்த இடத்தில் போட்டார். சுருக்கம் நீவிவிட்டார். பிறகு பெஞ்சுக்குப் பின்னால் போய் நின்றுகொண்டார். எட்னா அங்கே எந்தப் பக்கம் நிற்கிறாள் என்று தெரியாததால் இரண்டு பக்கமும் கொஞ்சம் இடம் விட்டு நின்றார்.

அவருக்கு எதிரே கார் நிறுத்துமிடம் இருந்தது. ஒரு சிவப்புக் கார், இரண்டு வெள்ளைக் கார்கள், டயர் போன ஒரு வேன். மற்ற பெஞ்சுகளில் உட்கார்ந்திருந்தவர்கள் அந்த வேனைப் பார்த்து மூச்சடைத்துப் போயிருந்தார்கள். பிராட்ஃபோர்டுப் பெரியவர் தொப்பியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டார். அவர் கன்னத்தில் கண்ணீர் இறங்கிக்கொண்டிருந்தது. மாதையனுக்குப் பொறாமையாக இருந்தது. சும்மா சொல்வானேன், ரொம்பவே பொறாமையாக இருந்தது.

போன் அடித்தது. பூங்காவனம்.

"ஏங்க, சத்தம் கேக்குதுங்க. ஓன்னு கேக்குது. மூஞ்சியில காத்து அடிக்குது. ஒதடெல்லாம் உப்புக் கரிக்குது."

"அதுதான் புள்ள. அதேதான். எப்படி இருக்குது?"

"தெரியலையே. கண்ணை மூடிட்டிருக்கேன்."

"ஏன் மூடுன? தொற. நாலு மணிக்கு முடிஞ்சிரும்."

"நீங்க எங்க இருக்கீங்க?"

"பக்கத்துலதான் ஒக்காந்திருக்கேன்."

அவள் பக்கத்திலிருந்து அலைச் சத்தம் வந்தது. அவர் பக்கத்தில் ஒரு காரின் கதவு சாத்தும் சத்தம்.

"இது நின்னுக்கிட்டுப் பேசற கொரலு," என்றாள் அவள். "முப்பத்தெட்டு வருசமாக் கேக்கறேன். எனக்குத் தெரியாதா?"

"எடம் ஒண்ணுதான் கெடச்சுது பூங்காவனம். நீ பாத்தா நான் பாத்த மாதிரி. தொற சாமி, கண்ணைத் தொற."

"மாட்டேன்."

"நேரம் போவுது."

"போனாப் போவுது. நானு எத்தனை மூட்டை வெங்காயம் உரிச்சிருக்கேன்னு உங்களுக்குத் தெரியுமா? எல்லாம் இப்படித் தனியாப் பாக்கறதுக்கா?"

மாதையன் கெஞ்சினார். கொஞ்சம் அதட்டியும் பார்த்தார். கடைசியில் போனைக் காதில் வைத்துக்கொண்டு, டயர் போன வேனைப் பார்த்தபடி அழுதார். அறுபது வயது தாண்டிய இரண்டு பேர், ஒருத்தி கடலின் முன்னால் கண்ணை மூடிக்கொண்டு, ஒருவர் கடலே தெரியாமல். இப்படியே மிச்ச நேரமும் போயிற்று. இருவரும் போனை வைக்கவில்லை. பேசவும் இல்லை. அவள் மூச்சு விடுவதை அவர் கேட்டுக்கொண்டிருந்தார். மூன்று மாதத்தில் அவள் அத்தனை பக்கத்தில் இருந்தது அன்றைக்குத்தான்.

நாலு மணிக்குப் பூங்காவனம், "கடலை இங்க ஊருக்குக் கூட்டியாந்துருங்களேன்" என்றாள். "ரெண்டு பேரும் ஒண்ணா ஒக்காந்து பாக்கலாம்."

நாலு ஐந்துக்குப் பிரெண்டா நோட்டோடு வந்து ஒவ்வொருவராகக் கேட்டாள். பார்த்தாகிவிட்டதா? பார்த்தாகிவிட்டது. டிக். பார்த்தாகிவிட்டதா? டிக். பதினாலாம் பெஞ்சுக்கு வந்தாள்.

"பூங்காவனம்?"

"பாக்கலை," என்றார் மாதையன்.

"நீங்கள்?"

"நானும் பாக்கலைங்க."

பிரெண்டா பென்சிலைக் காதில் செருகினாள். "அப்படியானால் இங்கே விட்டுவிட்டுப் போக முடியாது. பார்க்காமல் மிச்சமான கடல் அடுத்த சனிக்கிழமைக்காரர்களின் கடலோடு கலந்துவிடும். பிறகு யாருடையது எது என்று பிரிக்க முடியாது. நீங்கள் கையோடு கொண்டுபோக வேண்டும். வீடு தூரமா?"

"அரூரு."

"பெட்டியில் வைக்க முடியாது. உட்கார வைத்துத்தான் கொண்டுபோக வேண்டும். இடம் இருக்கிறதா?"

"என் எடம் இருக்குது," என்றார் மாதையன்.

பிரெண்டா கார்களுக்கு நடுவே இறங்கிப் போய், குனிந்து, ஏதோ பேசினாள். மாதையன் துண்டை எடுத்து உதறி மடித்தார். நனைந்திருந்தது. பட்டாணி முடிச்சு மட்டும் காய்ந்திருந்தது. அவர் திரும்பி, பெஞ்சுக்குப் பின்னால் இருந்த வெறும் இடத்தைப் பார்த்து, "வரேம்மா" என்றார். பெஞ்சின் வலது பாதி இன்னும் காய்ந்துதான் கிடந்தது. இடது பாதியில் புதினா வாசனை திரும்பி வந்து உட்கார்ந்தது. மாதையனுக்கு என்ன தோன்றியதோ, பெஞ்சைச் சுற்றிக்கொண்டு முன்னால் போய், "எந்திரிங்க டிரைவர். போய் அந்தம்மா பக்கத்துல நில்லுங்க" என்றார். கண்டக்டர் சொன்னால் டிரைவர் கேட்டாக வேண்டும். பலகை நிமிர்ந்தது. கொஞ்ச நேரத்தில் புதினா வாசனை பெஞ்சுக்குப் பின்னாலிருந்து வந்தது.

பேருந்துக்கு வரிசை நின்றது. கடல் வரிசையின் கடைசியில் வந்து நின்றது. முந்திக்கொள்ளவில்லை. மாதையன் நின்றுகொண்டிருந்ததால் அவருக்கு அது தெரியவில்லை. படி ஒருமுறை நன்றாக அழுந்தியது, வண்டி ஒரு பக்கம் சாய்ந்து நிமிர்ந்தது, நடைபாதையில் ஈரம் படர்ந்தது. ஏற்கெனவே உட்கார்ந்திருந்தவர்கள் வழிவிட்டுக் கால்களைத் தூக்கிக்கொண்டார்கள். பிராட்ஃபோர்டுப் பெரியவர் தொப்பியை மறுபடி கழற்றினார்.

நாலாவது வரிசையில் ஜன்னலோரம் துண்டு. அதற்குப் பக்கத்தில் மாதையனுடைய இடத்தில் மெத்தை தணிந்தது. உப்பு வாசனை வந்தது. மாதையன் எட்டிப் போய்ப் பெல்ட்டை இழுத்துப் பார்த்தார். சுற்றளவு போதவில்லை. தன் இடுப்புப் பெல்ட்டையும் கழற்றிச் சேர்த்து மாட்டினார்.

"நீங்கள் எங்கே உட்காருவீர்கள்?" என்றாள் பிரெண்டா.

"நான் ஒக்காந்தா பாத்துருவேனே," என்றார் மாதையன். மேலே இருந்த கம்பியைப் பிடித்துக்கொண்டு, இரண்டு காலையும் அகட்டி நடைபாதையில் நின்றார். அந்த நிலையில் நின்றதுமே அவருக்கு உடம்பு லேசானது. லீட்ஸ் வரை நிற்க வேண்டும். மூன்று மாதம் கழித்து பெங்களூர் வரை விமானத்தில் நிற்க வேண்டும். அங்கிருந்து அரூருக்கு நிற்பது பெரிய காரியமில்லை. விமானத்தில் பிடித்துக்கொள்ளக் கம்பி இருக்குமா என்று மகளிடம் கேட்க வேண்டும் என்று நினைத்துக்கொண்டார்.

போனில் பூங்காவனம், "பக்கத்துல வந்து ஒக்காந்துருச்சுங்க. மடியெல்லாம் ஈரம்" என்றாள்.

"அந்தப் பக்கம் திரும்பாத."

"திரும்பலை. ஜன்னல் பக்கம் பாத்துட்டிருக்கேன். ஊதாப் பூவா வருது. ஆடெல்லாம் இப்ப எந்திரிச்சு நம்ம வண்டியவே பாக்குது."

மாதையன் சாவிக்கொத்தில் இருந்த விசிலை எடுத்தார். ஓய்வு பெற்று ஆறு வருடமாகியும் அதை அவர் கழற்றவில்லை. இரண்டு முறை ஊதினார். "போலாம் ரைட்!" ஓட்டுநர் கியரை மாற்றினார். வண்டி மேட்டில் ஏறியது.

கிரிம்டேல் தாண்டியதும் யாரோ அவர் சட்டை நுனியைப் பிடித்து இழுத்தார்கள். கை ஈரம் துணியில் பட்டது. மாதையன் திரும்பவில்லை. காதை மட்டும் கொடுத்தார்.

"கண்டக்டர், அரூர் வந்தா எழுப்புங்க."

"எழுப்பறேன், தூங்குங்க," என்றார் மாதையன். ஜன்னலோரத்து அம்மா மேல் சாயாமல் பார்த்துக்கொள்ளும்படியும் சொன்னார். சாய்ந்தாலும் பரவாயில்லை என்று போனில் பூங்காவனம் சொன்னாள்.